குராமா தெங்கு (1928): சிறுவன் கையில் விழுந்த பணம்

தொடக்கப் பதிவு:
இந்த ஜப்பானிய ஒலியில்லாப் படத்தில் நாயகன் தெங்குவாக, கறுப்புத் துணியால் தலையை மூடி, கண்கள் மட்டும் தெரிய நிற்கும் நடிகர் அராஷி கான்ஜூரோவைப் பற்றி இங்கே பலரும் எழுதிவிட்டீர்கள். என்னை இன்னும் விடாதிருப்பவன் சுகிசாக்கு. சிங்கத் தலையணிந்து தெருவில் கரணம் போட்டுப் பிழைக்கும் அச்சிறுவன், அன்றைய வசூலைத் தொலைத்துவிட்டு அடிக்கு அஞ்சி அழ, தெங்கு இரங்கிப் பணம் கொடுக்கிறார். சிறுவனின் முதலாளியோ, பேரரசர் பக்கம் நிற்கும் தெங்குவைத் தேடும் ஷின்சென்குமி படைக்குத் துப்புச் சொல்பவன். ஆகவே இரக்கத்தால் கொடுத்த பணமே கொடுத்தவரைக் காட்டிக்கொடுக்கும் தடயமாகிவிடுகிறது. நன்றி சொல்லத் துடிக்கும் பிள்ளையின் முகத்தைப் பார்த்தபோது, ஒலியே இல்லாத அந்தப் படத்தை நிறுத்திவிட்டுச் சற்று நேரம் எழுந்து நடந்தேன்.

முதல் மறுமொழி:
ஐயா, ஒலியில்லாமல் பார்த்தது படத்தின் குறையன்று. ஜப்பானில் இத்தகைய படங்கள் மௌனமாகத் திரையிடப்படவில்லை. திரையருகே நின்று எல்லாப் பாத்திரங்களுக்கும் குரல் கொடுக்கும் பென்ஷி என்னும் கதைசொல்லிக்காகவே கூட்டம் வந்தது. இயக்குநர் அகிரா குரோசாவாவின் அண்ணனும் பென்ஷியாக இருந்தவர்தாம். தோக்கியோவில் ஒரு சிறிய அரங்கில் நான் பார்த்தபோது, முதலாளியின் கடுங்குரலும் சிறுவனின் விம்மலும் ஒரே தொண்டையிலிருந்து வந்தன. அருகிலிருந்த முதியவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டார்.

இரண்டாம் மறுமொழி:
நான் பார்த்த பிரதியில் எல்லோரும் எறும்புபோல ஓடினார்கள். என் அனுபவம் அவ்வளவே. இருவருக்கும் ஒன்று சொல்ல வேண்டும். அக்காலப் படங்களில் பலவற்றை நொடிக்கு 24 படச்சட்டங்கள் என்ற வேகத்தில் ஓட்டக் கூடாது. 16 அல்லது 18 என்று குறைத்தால்தான் வாள்சண்டை சண்டையாகத் தெரியும். பார்க்கும் முன் 1860களின் கியோட்டோவைப் பற்றியும் கொஞ்சம் படித்துக்கொள்ளுங்கள். ஷோகன் என்னும் படைத்தலைவரின் ஆட்சியைக் காக்க நின்ற ஷின்சென்குமி, பேரரசர் பக்கம் நின்றவர்களை வேட்டையாடியது. 1868இல் வென்றது பேரரசர் தரப்பு. எழுத்தாளர் ஒசராகி ஜிரோ 1924இல் தெங்குவைப் படைத்தபோது அந்த வெற்றிக்கு அரை நூற்றாண்டு கடந்திருந்தது. ஆகவே யார் வீரன், யார் ஒற்றன் என்ற பிரிவினையை வென்றவர் கணக்காகவே நான் கொள்கிறேன். கான்ஜூரோ இதே வேடத்தில் ஏறத்தாழ 40 படங்களில் நடித்திருக்கிறார்; இந்த ஒன்றோடு நிறுத்திவிடாதீர்கள்.

தொடக்கப் பதிவர்:
வேகத்தைக் குறைத்து நேற்றிரவு மறுபடியும் பார்த்தேன். சிறுவன் இன்னும் மெதுவாக அழுகிறான்.