உதவி: இறால் பொரிச்சு தோடம்பழப் பாணியில பிரட்டினதும் சொதசொதவெண்டு போகுது

முத்தையன்கட்டுப் பிள்ளை
வணக்கம். அவசரமா ஒரு உதவி வேணும். ஞாயிற்றுக்கிழமை தம்பின்ர பிறந்தநாள். வெளிநாட்டில இருந்து சித்தப்பா ஆக்களும் வந்து நிக்கினம். இறாலை மொறுமொறுவெண்டு பொரிச்சு, தோடம்பழச் சாறும் சீனியும் காய்ச்சின பாணியில பிரட்டிக் குடுப்பம் எண்டு நினைச்சு ஒருக்கா செய்து பாத்தன். தாச்சியால எடுக்கேக்க நல்ல மொறுமொறுப்பு. பாணியில பிரட்டி மேசைக்குக் கொண்டு வாறதுக்குள்ள மா ஊறிக் கழண்டு போகுது. பாணியும் கொஞ்சம் கைக்குது. என்ன பிழை எண்டு தெரிஞ்சாக்கள் கெதியாச் சொல்லுங்கோ.

அளம்பில்காரி
பிள்ளை, என்ன மா போட்டனீங்கள்? கோதம்பமாவோ, கோன்பிளவரோ? கோதம்பமா எண்டால் அவிச்சதோ அவிக்காததோ? இறால் உடன் இறாலோ, ஐஸ் இறாலோ? ஒண்டும் எழுதேல்லையே.

மாங்குளம் அக்கா
என்ர கேள்வியும் உதுதான். அதோட அடுப்பு காஸோ விறகோ? ஒரு தரத்தில எவ்வளவு போட்டுப் பொரிச்சனீங்கள்? எனக்கெண்டால் எண்ணெய்ச் சூடு காணாது எண்டுதான் படுது. இறாலை அள்ளிக் கொட்டினால் எண்ணெய் ஆறிப்போகும், மா எண்ணெயைக் குடிக்கும். எந்தப் பொரியலுக்கும் முதல் காரணம் சூடுதான்.

பழைய குசினி
இந்தக் கேள்வி இங்க புதுசில்லை. பொரியல் பற்றி நான் முதலே விளக்கமா எழுதி வைச்சிருக்கிறன். தேடி வாசிச்சுப்போட்டுக் கேட்டிருந்தால் எல்லாருக்கும் நேரம் மிச்சம். அடிப்படை தெரியாமல் வெளிநாட்டுச் சமையலில கை வைச்சால் இப்பிடித்தான் வரும். இறாலுக்கு மிளகு, மஞ்சள், உப்பு காணும். சீனிப்பாணி ஊத்திற சாப்பாட்டை முதலில சோத்தோட சாப்பிடேலுமோ எண்டு யோசியுங்கோ.

அளம்பில்காரி
ஐயா, பிள்ளை சோத்துக்குக் கறி கேக்கேல்ல. பிறந்தநாளுக்கு ஒரு சாப்பாடு கேக்குது. தெரிஞ்சால் சொல்லுவம்.

முத்தையன்கட்டுப் பிள்ளை
கோதம்பமா, முட்டை, தண்ணி, கொஞ்சம் அப்பச்சோடா. விறகடுப்பு. தேங்காயெண்ணெய். இறால் முதல்நாள் வாங்கினது.

மாங்குளம் அக்கா
அவிச்ச மாவோ அவிக்காத மாவோ எண்டு இன்னும் சொல்லேல்ல!

அளம்பில்காரி
முட்டையும் தண்ணியும் விட்டுக் கரைச்சதெண்டால் அவிக்காத மாவாத்தான் இருக்கும். நான் எப்பவும் சொல்லுறது, பிட்டுக்கு அவிச்சு அரிச்சு வைச்சிருக்கிற மாவில கொஞ்சம் எடுத்துப் போடுங்கோ. அவிச்ச மா இழுபடாது. பச்சை மாவைத் தண்ணி விட்டு அடிக்க அடிக்க சவ்வு மாதிரி வரும், அந்தச் சவ்வுதான் பொரிச்ச பிறகு தோல் போல இழுபடுறது. நான் வடைக்கும் கட்லட்டுக்கும் உப்பிடித்தான் செய்யிறனான்.

வவுனியாச் சமையல்காரன்
நான் கோட்டல் குசினியில கன காலம் வேலை செய்தனான், அதால கொஞ்சம் விபரமா எழுதிறன். அளம்பில் அக்கா சொன்ன சவ்வு சரி. அவிச்ச மாவில அது குறையும், ஆனால் முழுத் தீர்வு இல்லை. பாணி ஊத்திற பொரியலுக்கு மாச்சத்து மட்டும் உள்ள மா வேணும். வெள்ளைக் கோன்பிளவர் எடுங்கோ (மஞ்சளா, குறுணியா இருக்கிற சோளமா இதுக்குச் சரிவராது). அதில சவ்வு வராது, பொரிஞ்சால் கண்ணாடி போல உடையிற கோது வரும். கோன்பிளவர் மூண்டு பங்கு, அரிசிமா ஒரு பங்கு போட்டால் இன்னும் கனநேரம் நிக்கும்.

கரைச்சு ஊத்த வேண்டாம். இறாலைக் கழுவி, துணியில நல்லா ஒத்தி எடுங்கோ. உப்பு, மிளகுத்தூள், ஒரு முட்டையின்ர வெள்ளைக்கரு, அவ்வளவுதான். பிறகு காய்ஞ்ச மாவில பிரட்டி, அஞ்சு நிமிசம் தட்டில பரப்பி விடுங்கோ. மா ஈரத்தை இழுத்து ஒட்டிக்கொள்ளும், பொரிக்கேக்க கழராது.

ரெண்டு தரம் பொரிக்க வேணும். முதல் தரம் 160 பாகை செல்சியஸ் அளவில ஒண்டரை நிமிசம், நிறம் மாறவே தேவையில்லை. எடுத்து வடியவிட்டு அஞ்சு நிமிசம் ஆற விடுங்கோ. இறாலுக்குள்ள இருக்கிற நீராவி அந்த நேரம் வெளியில வந்து கோதை ஈரமாக்கும். அந்த ஈரத்தை ரெண்டாந்தரம் 185 பாகையில முப்பது நாப்பது விநாடி போட்டுப் பறக்க வைக்கிறது. ஒரு தரத்தோட நிப்பாட்டினால் அந்த ஆவி பாணிக்கு முதலே உள்ளுக்க இருந்து கோதை நனைச்சுப் போடும். வெப்பமானி இல்லையெண்டால் மரக்கரண்டிக் காம்பை எண்ணெயில வையுங்கோ. சுத்திவர மெல்லக் குமிழ் வந்தால் முதல் பொரியலுக்குக் காணும், படபடவெண்டு வந்தால் ரெண்டாவதுக்கு.

எண்ணெயையும் பாருங்கோ. மில்லில ஆட்டின தேங்காயெண்ணெய் 175 பாகைக்குக் கிட்டவே புகைக்கத் தொடங்கும். ரெண்டாவது பொரியலுக்கு அது தாங்காது. சுத்திகரிச்ச எண்ணெய் எடுங்கோ.

பழைய குசினி
தேங்காயெண்ணெய்க்கு மிஞ்சின எண்ணெய் உலகத்திலயே இல்லை. எங்கட அப்பா அம்மா எல்லாம் அதிலதான் பொரிச்சவை.

வவுனியாச் சமையல்காரன்
ருசிக்கு மறுப்பில்லை ஐயா. சொதிக்கும் சம்பல் தாளிக்கவும் நானும் அதைத்தான் எடுப்பன். இது சூட்டுக் கணக்கு.

வட்டுவாகல் கரை
எல்லாரும் மாவையும் எண்ணெயையும் பிடிச்சுக்கொண்டு நிக்கிறியள். முதல் இறாலைப் பாருங்கோ. பிள்ளை முத்தையன்கட்டு எண்டு போட்டிருக்கு, அங்க இருக்கிறது குளம், அப்ப அது குளத்து இறாலாத்தான் இருக்கும். அதில எங்க மொறுமொறுப்பு வாறது? நந்திக்கடல் களப்பில வீச்சுவலையில பிடிச்ச வெள்ளை இறாலை விடிய வாங்கி மத்தியானம் பொரிச்சுப் பாருங்கோ, மா இல்லாமலே மொறுமொறுக்கும்.

குளத்தடி
குளத்து இறாலைப் பற்றித் தெரியாமல் கதைக்கக்கூடாது. இரணைமடுக் குளத்தில பிடிபடுற பெரிய இறாலைப் பாத்திருக்கிறியளோ? நீலக் காலோட, ஒவ்வொண்டும் ஒரு சாண் நீளம் இருக்கும். சதை இனிப்பு. குளத்துத் தொழிலாளியள் இரவிரவா வலை போட்டுத்தான் அதைக் கொண்டு வருகினம். கடலில பிடிச்சால்தான் இறாலோ?

வட்டுவாகல் கரை
பெரிசுதான், பாதி தலை எல்லோ. கிலோ வாங்கினால் கறிக்கு எவ்வளவு மிஞ்சுது?

குளத்தடி
தலையைச் சொதிக்குப் போட்டுப் பாத்திட்டுக் கதையுங்கோ. அந்த நெய்க்கு உங்கட களப்பு இறால் கிட்ட வராது. அதோட இன்னொண்டு. அந்த இறால் குளத்துக்குள்ள பெருகிறேல்ல. அதின்ர குஞ்சு வளர உவர்த்தண்ணி வேணும். முட்டை பொரிக்கப்பண்ணுற பொரிப்பகத்தில எடுத்த குஞ்சைக் கொண்டு வந்து விட்டு, அது வளருமட்டும் காவல் இருந்துதான் பிடிக்கிறது. அவ்வளவு பாடுபட்டுப் பிடிக்கிறதை மட்டமாக் கதைக்கிறது எனக்குப் பொறுக்கேல்ல.

வட்டுவாகல் கரை
பாட்டை நான் குறைச்சுச் சொல்லேல்ல. களப்பில நிக்கிறவனுக்கும் பாடுதான். மாரியில களப்பு கடலோட சேருற தொடுவாயை வெட்டேக்க வாற இறாலை நம்பி எத்தினை குடும்பம் இருக்கு. நான் சொன்னது சதையின்ர இறுக்கத்தை.

மாங்குளம் அக்கா
ரெண்டு பேரும் கொஞ்சம் நில்லுங்கோ. குளத்து இறால் கெதியாக் கூழாகிப்போகும் எண்டு நானும் கேள்விப்பட்டிருக்கிறன். அது உண்மையோ?

குளத்தடி
தலையோட வைச்சால் உண்மை. தலைக்குள்ள ஈரல் போல ஒண்டு இருக்கு, செத்த பிறகு அதின்ர நீர் சதைக்குள்ள இறங்கிக் கரைக்கத் தொடங்கும். அதால பிடிச்ச உடன ஐசில போடவேணும், இல்லாட்டில் தலையைக் கழட்டிக் கழுவி வைக்கவேணும். பிள்ளை முதல்நாள் வாங்கினது எண்டு சொன்னது. தலையோட பிரிட்ஜில வைச்சதோ?

அளம்பில்காரி
கழுவேக்க மஞ்சளும் தேசிக்காய்ப் புளியும் போட்டு ஊற வைச்சதோ எண்டும் சொல்லுங்கோ. புளியில கனநேரம் கிடந்தால் இறால் அடுப்புக்குப் போக முதலே வெள்ளையா மாறி இறுகும். தண்ணியும் விடும். வெடுக்குப் போகவெண்டால் ரெண்டு நிமிசம் காணும், பிறகு கழுவிப்போட வேணும்.

முத்தையன்கட்டுப் பிள்ளை
குளத்து இறால்தான். தலையோட வைச்சது. புளி ஒரு மணித்தியாலம். பாணி ஏன் கைக்குது எண்டு ஒருத்தரும் சொல்லேல்லையே.

வவுனியாச் சமையல்காரன்
பாணி எப்பிடிக் காய்ச்சினது எண்டு நீங்கள் எழுதினால்தானே தங்கச்சி! சாறு பிழிஞ்சதோ, தோலோட வெட்டிப் போட்டதோ? விதை இருந்ததோ? என்ன சட்டி?

(பதில் இல்லை)

மாங்குளம் அக்கா
அலுமினியச் சட்டியாத்தான் இருக்கும். அதில புளி காய்ச்சினால் ஒரு மாதிரி உலோக ருசி வரும். எவர்சில்வர் இல்லாட்டில் மண்சட்டி எடுங்கோ பிள்ளை.

அளம்பில்காரி
உள்ளி கருகியிருக்கும். கருகின உள்ளி எந்தக் கறியையும் கைக்கப்பண்ணும்.

வவுனியாச் சமையல்காரன்
ரெண்டுக்கும் இடமிருக்கு. எண்டாலும் எனக்கு விதையிலயும் வெள்ளைத் தோலிலயும்தான் சந்தேகம். தோடம்பழத்தின்ர கைப்பு அங்கதான் இருக்கு, காய்ச்சக் காய்ச்சச் சாறுக்குள்ள இறங்கும். பிழிஞ்ச சாறு கனநேரம் கிடந்தாலும் சில பழத்தில கைப்பு ஏறும். பிழிஞ்ச உடன வடிச்சுக் காய்ச்சுங்கோ. வாசத்துக்குத் தோல் வேணுமெண்டால் மேல் நிறத்தை மட்டும் மெல்லிசாச் சீவி, இறக்கிற நேரம் போடுங்கோ. எங்கட நாட்டுப் பழம் பழுத்தாலும் பச்சையா இருக்கும், அதுக்குப் பயப்பட வேண்டாம்.

அளவு சொல்லுறன். அரைக்கிலோ உரிச்ச இறாலுக்கு 200 மில்லிலீற்றர் சாறு, மூண்டு மேசைக்கரண்டி சீனி, ஒரு தேக்கரண்டி இடிச்ச செத்தல்மிளகாய், கொஞ்சம் இஞ்சி, ரெண்டு பல்லு உள்ளி, உப்பு. மூண்டில ஒரு பங்காகுமட்டும் வத்த விடவேணும். பொரியல் நனையிறதுக்குப் பெரிய காரணம் உதுதான், பாணியில தண்ணி மிச்சம் இருக்கிறது. கரண்டியால ஒரு துளி எடுத்துத் தட்டில விட்டு விரலால கோடு இழுங்கோ. கோடு மூடாமல் நிண்டால் பதம். தேசிக்காய்ப் புளி அரை மூடி கடைசியில. அது முதலே போனால் வாசம் பறந்து போகும்.

பிரட்டிறது அடுப்பால இறக்கி, பத்துப் பதினைஞ்சு விநாடி. பாணி சூடா இருக்கவேணும், இறாலும் ரெண்டாவது எண்ணெயால வந்த கையோட இருக்கவேணும். எல்லாரும் கதிரையில இருந்த பிறகு பிரட்டுங்கோ. முதலே செய்து மூடி வைச்சால் எந்த மாவும் காப்பாத்தாது. முதல் பொரியலை மட்டும் நேரத்தோட முடிச்சு வைக்கலாம்.

பழைய குசினி
ரெண்டாவது பொரியல், சூட்டுக் கணக்கு எல்லாம் சரி. விறகடுப்பில அந்தச் சூட்டை எப்பிடிப் பிடிக்கிறது எண்டு நீங்கள் சொல்லேல்ல. காஸில வேலை செய்தாக்களுக்கு அது விளங்காது. பாலை விறகு எரிஞ்சு தணலான பிறகு தாச்சியை வைக்கவேணும். சுவாலையில வைச்சால் சூடு ஏறி இறங்கும். முதல் பொரியலுக்குத் தணல் மட்டும். ரெண்டாவதுக்கு ரெண்டு காய்ஞ்ச சிராய் தள்ளினால் உடன சூடு ஏறும். தாச்சி தடிப்பா இருக்கவேணும்.

வவுனியாச் சமையல்காரன்
நல்ல விசயம் ஐயா. உண்மையா இது எனக்குத் தெரியாது.

வட்டுவாகல் கரை
பிள்ளை, ஞாயிறு விடிய வட்டுவாகல் பாலத்தடிக்கு ஆரையும் அனுப்புங்கோ. உடன் இறால் வாங்கலாம்.

குளத்தடி
அல்லது குளத்தடியில தலை கழட்டி வாங்குங்கோ. அதுவும் உடன் இறால்தான்.

முத்தையன்கட்டுப் பிள்ளை
எல்லாருக்கும் நன்றி. நேற்றுச் செய்தது. கோன்பிளவரும் அரிசிமாவும், ரெண்டு தரம் பொரிச்சது, தணலில. குளத்து இறால், உடன தலை கழட்டினது. கடைசி இறால் வரைக்கும் மொறுமொறுப்பு நிண்டது. கைப்பு இல்லை, விதை எடுத்து வடிச்சது. சித்தப்பா பாணி இன்னும் கேட்டவர். வேலைக்குப் போகோணும், பிறகு எழுதிறன்.

மாங்குளம் அக்கா
சந்தோசம் பிள்ளை. சட்டி என்ன சட்டி எண்டு சொல்லாமலே போட்டீங்கள்.

அளம்பில்காரி
எனக்கொரு கேள்வி. இறால் பொரிச்ச எண்ணெயை என்ன செய்யிறது? வடிச்சு வைச்சு மீன் பொரிக்கலாமோ?

வவுனியாச் சமையல்காரன்
அடியில கிடக்கிற மாவை மெல்லிய துணியில வடிச்சுப்போட்டு, மீனுக்கோ இறாலுக்கோ இன்னொருக்கா எடுக்கலாம். வேறொண்டுக்கும் எடுக்காதேங்கோ அக்கா, வெடுக்கு ஏறும். நிறம் கறுத்தால், நுரைச்சால் கொட்டிப்போடுங்கோ.