சீச்சென் இட்சாவா, ஏக் பாலமா? போய் வந்தவர்கள் சொல்லுங்கள்

வணக்கம். டிசம்பரில் அம்மா, மனைவி, மகளோடு மெக்சிகோவின் கான்குன் போகிறோம். ஒரு நாள் மாயன் இடிபாடுகளும் செனோட்டே (சுண்ணாம்புப் பாறை இடிந்து உருவான இயற்கை நீர்க்குழி) குளியலும் வழிகாட்டியோடு என்று முடிவு. சீச்சென் இட்சாவா, ஏக் பாலம் என்ற இன்னொரு மாயன் இடிபாட்டு இடமா என்பதில்தான் குழப்பம்.

எல்லோரும் சொல்வது சீச்சென் இட்சா. சுமார் 200 கி.மீ., பஸ்ஸில் இரண்டரை மணி நேரமாவது ஆகும். பிரமிடில் ஏற விடுவதில்லை என்பது எங்களுக்குக் குறையே இல்லை, அம்மாவுக்கு முட்டிவலி. ஆனால் நடுப்பகலில் கொண்டுபோய் இறக்கிவிட்டால் அந்த வெட்டவெளி வெயிலை அவர் தாங்கமாட்டார். காலை 8 மணிக்குத் திறக்கும்போதே கொண்டு சேர்க்கும் டூரில் யாராவது போயிருக்கிறீர்களா? சீச்சென் இட்சா இருக்கும் யுகடான் மாநில நேரம் கான்குனைவிட ஒரு மணி நேரம் பின்னால் என்பதால், விடியுமுன் கிளம்பினால் முடியும் என்று நினைக்கிறேன்.

பக்கத்து இக் கில் செனோட்டேயில் தண்ணீர் தரைமட்டத்துக்கு 26 மீட்டர் கீழே. படிகள் வழுக்குமா? பிடித்துக்கொள்ளக் கைப்பிடி உண்டா? மகளுக்கு எட்டு வயது, நீச்சல் தெரியாது. சிறுவர் அளவு லைஃப் ஜாக்கெட் அங்கேயே கிடைக்குமா, இங்கிருந்து தூக்கிப் போகணுமா?

ஏக் பாலமில் கூட்டம் குறைவாம். ஆனால் அங்குள்ள செனோட்டே, இடிபாடுகளிலிருந்து ஒன்றரை கிலோமீட்டருக்கு மேல் தள்ளி இருக்கிறது. நடக்க முடியாதவர்களுக்கு வண்டி ஏதும் உண்டா?

நாங்கள் சுத்த சைவம். அந்தப் பக்கம் பீன்ஸைக்கூடப் பன்றிக்கொழுப்பில் வதக்குவது சகஜம். டூர்க்காரர் தரும் பஃபே சாப்பாட்டை நம்பலாமா, புளிசாதம் கட்டிக்கொள்வதே மேலா?