தங்கச்சிமடத்தில் இருந்தே ஆல்பத்தை முடிக்கலாமா, சென்னைக்குப் போகத்தான் வேண்டுமா?

பாம்பன்_நாலுபேர்:

எல்லாருக்கும் வணக்கம். நாங்கள் நாலு பேர், தங்கச்சிமடமும் பாம்பனும். ஒன்றரை வருடமாக ஒரு ராப் ஆல்பம் செய்கிறோம். எட்டுப் பாட்டு, ஆறுக்கு வரி முடிந்துவிட்டது, ஐந்துக்கு பீட் இருக்கிறது. நாங்கள் கேட்டு வளர்ந்ததெல்லாம் அமெரிக்காவின் தெற்குப் பக்கத்து ஹிப் ஹாப், ஹூஸ்டன், மெம்பிஸ், நியூ ஆர்லியன்ஸ். வார்த்தையை அவசர அவசரமாக அடுக்காமல், அடியில் பேஸ் இழுத்துக்கொண்டே போக, தெருவில் பேசுகிற பேச்சிலேயே ஊர்ப் பேரைச் சொல்லிப் பாடுவார்களே, அந்த வகை. முதல் தடவை கேட்டபோதே இது நம் ஊர் வெயிலுக்குப் பொருந்துகிற வேகம் என்று பட்டது.

முதல் பாட்டு எப்படி வந்தது என்று சொல்லிவிடுகிறேன், அதைச் சொன்னால்தான் என் கேள்வி புரியும். பழைய பாம்பன் பாலத்தில் ரயில் எப்படி ஊர்ந்து போகும் என்று தெரியும்தானே. 2022 டிசம்பரோடு அதில் ரயில் நின்றுபோனது. ஆனால் அதற்கு மூன்று வருடம் முன்பு எங்களில் ஒருவன் ராமேஸ்வரம் வண்டியில் கதவோரம் நின்று போனில் பதிவு செய்த நாலு நிமிடச் சத்தம் எங்களிடம் இருந்தது. காற்று, கீழே அலை, நடுவில் சக்கரம் இணைப்பில் ஏறுகிற அந்த 'தடக், தடக்'. லேப்டாப்பில் போட்டு விரலால் தட்டிப் பார்த்தால் நிமிடத்துக்கு 60-க்கும் 65-க்கும் நடுவில் வருகிறது. ஹூஸ்டன்காரர்கள் டேப்பை மெதுவாக்கி எந்த இடத்தில் நிறுத்துவார்களோ கிட்டத்தட்ட அதே இடம். அன்று ராத்திரி யாருமே தூங்கவில்லை, விடிவதற்குள் பாட்டு பாதி முடிந்துவிட்டது.

இப்போது பிரச்சினை. பதிவு செய்வது என் பாட்டி வீட்டுப் பின்னறையில். ஆஸ்பெஸ்டாஸ் கூரை, மூலையில் வலைக் குவியல், சுவரெல்லாம் முட்டை அட்டை ஒட்டியிருக்கிறோம். குரலைப் பதிவு செய்தால் குடத்துக்குள் பேசுகிற மாதிரி இருக்கிறது. மைக் சில நாள் பொரிகிற மாதிரி சத்தம் போடுகிறது, சில நாள் நன்றாக இருக்கிறது. பேஸ் ஹெட்போனில் நெஞ்சை அடைக்கிறது, அதையே போனில் போட்டால் காணவே காணோம்.

இந்த நேரத்தில் ஒரு கம்பெனி பேசியிருக்கிறது. அறுபதாயிரம் ரூபாய் தருகிறார்கள், சென்னையில் அவர்கள் ஸ்டுடியோவில் பதிவு, எல்லா உரிமையும் அவர்களுக்கு. கூடவே ஒரு நிபந்தனை: நீவாடு (நீரோட்டம்), கச்சான் (ஆனி, ஆடிக் காற்று), பாடு (மீன் கிடைப்பது) என்றெல்லாம் எங்கள் கடல் பேச்சு வருகிற வரிகளை எடுத்துவிட்டு எல்லாருக்கும் புரிகிற தமிழில் எழுதித் தரவேண்டுமாம். எங்களிடம் கையில் இருப்பது முப்பத்தெட்டாயிரம். ஒருத்தனுக்கு வீட்டில் கடன் நெருக்கடி, அந்தப் பணம் அவனுக்கு உண்மையிலேயே தேவை. ஆனால் கச்சானை எடுத்துவிட்டால் அந்தப் பாட்டில் மிச்சம் என்ன இருக்கிறது என்று எனக்குத் தெரியவில்லை. அனுபவம் உள்ளவர்கள் சொல்லுங்கள், போவதா, இங்கேயே முடிப்பதா?

கீழக்கரை_ஒலி:

தம்பி, நான் சென்னையில் ஒன்பது வருடமாக ரெக்கார்டிங், மிக்ஸிங் வேலை பார்க்கிறேன், சொந்த ஊர் கீழக்கரை. நீங்கள் சொன்ன மூன்று கோளாறுக்கும் சென்னை தேவையில்லை.

முதலில் முட்டை அட்டையைக் கிழித்துப் போடுங்கள், அது ஒன்றுக்கும் உதவாது. வலைக் குவியலும் பெரிதாகச் சத்தத்தை உறிஞ்சாது, நைலான் அல்லவா. பாட்டி வீட்டில் இலவம்பஞ்சு மெத்தை இருக்குமே, அதில் இரண்டைச் சுவரில் சாய்த்து நிறுத்தி, பாடுகிறவன் முதுகு அந்தப் பக்கம் இருக்கும்படி நிற்க வையுங்கள். மைக் எதிரில் இருந்து வருவதைத்தான் அதிகம் வாங்கும், அதனால் பாடுகிறவனுக்குப் பின்னால் இருக்கிற சுவர்தான் முக்கியம். தலைக்கு மேலே கொடி கட்டி இரண்டு கனத்த கம்பளி போடுங்கள். குடத்துச் சத்தம் பாதிக்கு மேல் போய்விடும். கூரையை ஒன்றும் செய்ய முடியாது, நேரத்தைத்தான் தேர்ந்தெடுக்க வேண்டும். நம் பக்கம் கச்சான் ஏறிவிட்டால் ஆனி, ஆடி முழுக்க கூரை அடங்காது, அதற்கு முன்னால் முடியுங்கள். ஏப்ரல் 15-லிருந்து ஜூன் 14 வரை 61 நாள் தடைக்காலம், விசைப்படகு போகாது, விடியக்காலை இரண்டு மணிக்குப் படகு இன்ஜின் சத்தமும் ஐஸ் வண்டிச் சத்தமும் இருக்காது. அந்தச் சித்திரை ராத்திரிகளைப் பிடித்துக்கொள்ளுங்கள்.

மைக் பொரிவது உப்புக் காற்றால். நீங்கள் வைத்திருப்பது கண்டென்சர் மைக்காகத்தான் இருக்கும், ஈரம் ஏறினால் அப்படித்தான் பொரியும். வேலை முடிந்ததும் மூடி இறுகுகிற டப்பாவில் சிலிக்கா ஜெல் பொட்டலத்தோடு போட்டு வையுங்கள், வெளியில் தொங்கவிடாதீர்கள். இல்லையென்றால் ஒரு நல்ல டைனமிக் மைக் வாங்குங்கள், அது ஈரத்துக்கு இந்த அளவு பயப்படாது, அறையின் எதிரொலியையும் குறைவாகத்தான் வாங்கும்.

பேஸ் விஷயம்தான் இந்த வகை இசையின் உயிர், அதனால் கொஞ்சம் நீளமாகச் சொல்கிறேன். நீங்கள் போடும் 808 என்பது ரோலண்ட் கம்பெனி 1980-லிருந்து 1983 வரை மட்டும் செய்த டிரம் மெஷினின் சத்தம், மொத்தமே பன்னிரண்டாயிரத்துக்குப் பக்கத்தில்தான் செய்தார்கள். அப்போது நிஜ டிரம் மாதிரி இல்லை என்று ஒதுக்கினார்கள், விலை விழுந்தது, காசில்லாத பையன்கள் பழையதாக வாங்கினார்கள். அதன் கிக்கை நீட்டிவிட்டால் அதுவே பேஸ் நோட்டாக ஆகிறது என்பதைத்தான் தெற்குக்காரர்கள் முழுசாகப் பிடித்துக்கொண்டார்கள். அந்த நோட்டு 45, 50 ஹெர்ட்ஸில் உட்காரும். போன் ஸ்பீக்கரால் 200-க்குக் கீழே பெரிதாக எதையும் தர முடியாது. அதனால் வால்யூமை ஏற்றி ஒரு பயனும் இல்லை. பேஸில் கொஞ்சம் சாச்சுரேஷன், அதாவது சத்தத்தை லேசாகச் சிதைப்பது, போடுங்கள், 100, 150, 200, 250 என்று மேல் ஸ்வரங்கள் கிளம்பும், அவை காதில் விழுந்தால் அடியில் இருக்கிற நோட்டை மூளையே நிரப்பிக்கொள்ளும். அப்புறம் அந்த 808 பாட்டின் சுருதியில் இருக்கிறதா என்று பாருங்கள். புதிதாகச் செய்பவர்கள் பத்துப் பேரில் எட்டுப் பேர் அதைச் சேர்ப்பதே இல்லை, பாட்டு ஏன் கலங்கலாக இருக்கிறது என்று தெரியாமல் தவிப்பார்கள்.

ஹெட்போனை நம்பி முடிவு செய்யாதீர்கள். பாம்பனில் ஷேர் ஆட்டோ ஓட்டுகிற அண்ணன் யாரையாவது பிடித்து அவர் வண்டியில் போட்டுக் கேளுங்கள். எங்கே அதிர்கிறது, எங்கே குரல் மூழ்குகிறது என்று அங்கே தெரிந்துவிடும்.

ஸ்லோ_டேப்:

கீழக்கரை அண்ணன் ஆட்டோ என்று சொன்னதும் எழுதாமல் இருக்க முடியவில்லை. ஹூஸ்டனில் இந்த இசை வளர்ந்ததே காருக்குள்தான். டிஜே ஸ்க்ரூ 1990-களில் தன் வீட்டில் இரண்டு டர்ன்டேபிளை வைத்துக்கொண்டு பாட்டை மெதுவாக்கி, வெட்டி, திருப்பிப் போட்டு கேசட்டில் பதிவு செய்தார். விற்றதும் வீட்டு வாசலிலேயே, வாங்க வந்தவர்கள் கார் வரிசையில் நின்றார்கள். 1998-ல்தான் தனியாகக் கடை வைத்தார். 2000 நவம்பரில் இறந்துபோனார், வயது 29. அவர் வைத்திருந்த இசைத்தட்டுகளை இன்று ஹூஸ்டன் பல்கலைக்கழக நூலகம் பாதுகாத்து வருகிறது.

அந்த ஊர்க்காரர்கள் யாரும் முதலில் நியூயார்க் போய்ப் பேர் வாங்கிவிட்டு வரவில்லை. ஹூஸ்டனில் ஜே. பிரின்ஸ் 1980-களிலேயே ராப்-எ-லாட் என்று சொந்த லேபிள் தொடங்கிவிட்டார். அக்கம்பக்கத்து மாநிலக் கடைகளுக்குச் சரக்கு அனுப்ப சவுத்வெஸ்ட் ஹோல்சேல் என்று ஹூஸ்டனிலேயே ஒரு விநியோகக் கம்பெனி இருந்தது. நியூ ஆர்லியன்ஸ் ராப்பர் மாஸ்டர் பி ஒரு சின்ன இசைத்தட்டுக் கடையில் இருந்து கிளம்பியவர். 1996-ல் பெரிய விநியோகக் கம்பெனியோடு பேசும்போதுகூட மாஸ்டர் உரிமையை, அதாவது மூல ஒலிப்பதிவின் உரிமையை, கொடுக்கவில்லை, விநியோகத்தை மட்டும் கொடுத்தார். அதுவும் ஏற்கனவே தன் கையால் விற்றுக் காட்டியிருந்ததால்தான் அப்படிப் பேச முடிந்தது.

உங்களுக்கு இன்னும் நெருக்கமான ஊர் போர்ட் ஆர்தர். டெக்சாஸில் கடலோரம், எண்ணெய் ஆலைகள் சூழ்ந்த சின்ன ஊர், ஹூஸ்டனுக்கே 145 கிலோமீட்டர் போகவேண்டும். யூ.ஜி.கே. என்ற ராப் ஜோடி இருவரும் அங்கிருந்து வந்தவர்கள். அவர்களில் பிம்ப் சி ஆர்கன், கிட்டார் எல்லாம் போட்டு சர்ச்சிலும் புளூஸிலும் இருப்பதை பீட்டுக்குள் கொண்டுவந்தார், நாட்டுப்புறத்து ராப் என்றே தன் இசைக்குப் பேர் சொன்னார். பேச்சு வழக்கு புரியாது என்று அவர்களுக்கும்தான் சொன்னார்கள். 1995-ல் நியூயார்க்கில் விருது மேடையில் அட்லாண்டாவின் அவுட்காஸ்ட் ராப் ஜோடி ஏறியபோது கூட்டம் கூச்சல் போட்டது. அதற்கு அவர்களில் ஒருவரான ஆண்ட்ரே, தெற்குக்கும் சொல்ல ஒன்று இருக்கிறது என்று பதில் சொல்லிவிட்டு இறங்கினார். அவர்கள் பெரிய லேபிளில் இருந்தவர்கள், அது வேறு. ஆனால் அந்த வரி எல்லாருக்கும் சேர்த்துத்தான்.

நீவாடை எடுக்காதீர்கள். தெரியாதவன் கேட்டுத் தெரிந்துகொள்வான். எனக்கு ஹூஸ்டன் தெருப் பெயரெல்லாம் இப்படித்தான் தெரியவந்தது, நான் ராமநாதபுரத்தைத் தாண்டி மதுரை வரைக்கும்தான் போயிருக்கிறேன்.

மண்டபம்_டீச்சர்:

தம்பிகளா, எனக்கு ராப் அவ்வளவாகப் பழக்கமில்லை, என் மகன் இதைப் படிக்கச் சொன்னான். ஒன்று மட்டும் கேட்கிறேன், அம்பா பாட்டு இதில் இருக்கிறதா? கரைவலை இழுக்கும்போது ஒருத்தர் எடுத்துக் கொடுக்க மற்றவர்கள் 'ஏலேலோ' என்று வாங்கிப் பாடுவது. என் அப்பா எடுத்துக் கொடுப்பவர். கயிறு கனத்தால் பாட்டு மெதுவாகும், வலையின் மடி கரையைத் தொடப் போகிறது என்றால் பாட்டு வேகம் பிடிக்கும், யாரும் கணக்குப் போட்டுச் செய்வதில்லை, கை எப்படியோ குரலும் அப்படி. அமெரிக்கத் தெற்கிலும் வயலிலும் தண்டவாள வேலையிலும் ஒருத்தர் சொல்ல மற்றவர் வாங்கும் பாட்டு இருந்தது என்று படித்திருக்கிறேன். நீங்கள் சொல்லும் இசைக்கு அது பாட்டன் முப்பாட்டன் முறை என்றால், இதுவும் உங்களுக்கு அதே முறைதான்.

ஆண்களை மட்டும் தேடிப் போகாதீர்கள். சின்னப்பாலத்தில் கடல்பாசி எடுக்கிற அக்காமார் இருக்கிறார்கள். விரலுக்கு விரல் துணி சுற்றி, கண்ணாடி மாட்டி மூச்சடக்கி இறங்கி, மேலே வந்து விடுகிற மூச்சுச் சத்தத்தை ஒரு தடவை பக்கத்தில் நின்று கேளுங்கள். ஆனால் போனை எடுத்து நீட்டிவிடாதீர்கள். எதற்கு என்று சொல்லுங்கள், சம்மதம் கேளுங்கள், பாடினால் பேர் போடுங்கள், அன்றைய கூலியையாவது கையில் கொடுங்கள். எங்கள் அப்பா பாடியதை ஒருவர் வந்து டேப்பில் எடுத்துப் போனார், முப்பது வருடத்துக்கு மேல் ஆகிறது. அந்தக் குரல் இப்போது எங்கே இருக்கிறது என்று எங்களுக்குத் தெரியாது.

தொண்டி_வக்கீல்:

அந்த ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போடுவதற்கு முன் இதைப் படியுங்கள். 1957 பதிப்புரிமைச் சட்டப்படி ஒலிப்பதிவின் முதல் உரிமையாளர் அதன் தயாரிப்பாளர், அதாவது முன்கை எடுத்துப் பொறுப்பேற்றுப் பதிவு செய்தவர். உங்கள் காசில் பாட்டி வீட்டில் பதிவு செய்தால் அது நீங்கள். அவர்கள் பொறுப்பில், அவர்கள் செலவில் நடந்தால் அவர்கள் நாங்கள்தான் தயாரிப்பாளர் என்று நிற்பார்கள். ஆகவே எங்கே பதிவு செய்வது என்பது வெறும் சத்தத்தின் தரம் பற்றிய கேள்வி மட்டும் இல்லை.

வரியும் மெட்டும் தனி உரிமை. எழுதிக் கொடுத்தாலும் எத்தனை வருடம், எந்த நாட்டுக்கு என்று ஒப்பந்தத்தில் இருக்கவேண்டும். வருடம் குறிப்பிடாவிட்டால் சட்டம் ஐந்து வருடம் என்று எடுத்துக்கொள்ளும், இடம் குறிப்பிடாவிட்டால் இந்தியா மட்டும். ஆனால் கம்பெனிகள் அதைக் காலியாக விடமாட்டார்கள், 'நிரந்தரமாக, உலகம் முழுவதும்' என்று அச்சடித்தே வைத்திருப்பார்கள். அந்த வரியைத் தேடிப் பாருங்கள். 2012 திருத்தத்துக்குப் பிறகு எழுதியவருக்கும் இசையமைத்தவருக்கும் ராயல்டியில் சம பங்கு உண்டு, அதை நீங்களே விட்டுக்கொடுப்பதாக எழுதினாலும் செல்லாது. அப்புறம், நாலு பேருக்குள்ளும் யார் என்ன எழுதினார், யாருக்கு எவ்வளவு என்று ஒரு தாளில் எழுதி நாலு பேரும் கையெழுத்துப் போடுங்கள். சிநேகிதம் நன்றாக இருக்கும்போதே செய்யவேண்டிய வேலை அது.

கடன் இருக்கிற தம்பிக்காக ஒன்று. பணம் அவசரம் என்றால் ஒரே ஒரு பாட்டுக்கு, மூன்று வருட உரிமம் மட்டும் தருகிறோம் என்று கேட்டுப் பாருங்கள். மறுத்தால் மறுக்கட்டும்.

பாம்பன்_நாலுபேர்:

எல்லாருக்கும் நன்றி, ஒவ்வொருவருக்கும் தனியாக எழுதவேண்டும், இப்போது நேரமில்லை. நேற்று ராத்திரி நாலு பேரும் உட்கார்ந்து பேசினோம். வக்கீல் அண்ணன் சொன்னபடி ஒரு பாட்டு, மூன்று வருடம் என்று கேட்டோம், கம்பெனி முடியாது என்றுவிட்டது. கடன் இருக்கிறவன்தான் முதலில் வேண்டாம் என்றான். எங்கள் முப்பத்தெட்டாயிரத்தில் பதினைந்தை அவனுக்குக் கொடுத்துவிட்டோம், மீதியில் முடிக்கவேண்டும். முட்டை அட்டை கிழித்தாயிற்று, மெத்தை வைத்து ஒரு வரி பதிவு செய்து பார்த்தோம், கீழக்கரை அண்ணே, குரல் பக்கத்தில் வந்துவிட்டது.

டீச்சர், ரயில் பாட்டுக்கு நடுவில் எட்டு அடி காலியாகத்தான் இருக்கிறது, அங்கே என்ன போடுவது என்று தெரியாமலே விட்டு வைத்திருந்தோம். உங்கள் அப்பா எடுத்துக் கொடுத்தது உங்களுக்கு ஞாபகம் இருந்தால் ஞாயிற்றுக்கிழமை மண்டபம் வருகிறோம். போன் வெளியில் எடுக்கமாட்டோம். முதலில் நீங்கள் பாடுங்கள், நாங்கள் வாங்கிப் பாடிப் பழகுகிறோம்.

மண்டபம்_டீச்சர்:

வாருங்கள். பத்து மணிக்கு மேல் வாருங்கள், அதற்குள் கோயில் பூசை முடிந்து வந்துவிடுவேன். சித்தப்பாவும் இருப்பார், அவருக்கு என்னை விட நன்றாக ஞாபகம் இருக்கிறது, ஆனால் காது கேட்காது. கையைப் பிடித்துக் கயிறு இழுக்கிற மாதிரி இழுத்தால் தானே பாடத் தொடங்கிவிடுவார்.