சாசெட்டி சிற்றாலயம்: காசு யாருடையது?

கணக்கப்பிள்ளை:
ஃபுளோரன்ஸில் சுவரில் பூசிய சாயமெல்லாம் வங்கி நடத்தி ஊரையே ஆண்ட மெடிச்சி குடும்பத்துக் காசு, அதைக் கலை வரலாற்றாளர் ஆபி வார்பர்க் 1902லேயே நிரூபித்துவிட்டார் என்று பக்கத்து இழையில் ஒரு மேதை எழுதியிருக்கிறார். அந்தக் கட்டுரையைப் புரட்டியாவது பார்த்தாரா? அதில் வார்பர்க் ஆராய்வது சாந்தா திரினிதா தேவாலயத்தில் உள்ள சாசெட்டி குடும்பச் சிற்றாலயத்தை. வரைந்தவர் பதினைந்தாம் நூற்றாண்டு ஓவியர் கிர்லாண்டாயோ. காசு பிரான்செஸ்கோ சாசெட்டியுடையது. அவர் மெடிச்சி வங்கியின் பொது மேலாளர். மெடிச்சி அல்ல.

மெடிச்சிதாசன்:
அந்த மேதை நான்தான், பெயர் சொல்லியே திட்டலாம். அந்தச் சிற்றாலயச் சுவரில் போப்பாண்டவர் முன் புனித பிரான்சிஸ் மண்டியிடும் காட்சியில் மெடிச்சி குடும்பத் தலைவர் லொரென்சோவுக்கு என்ன வேலை? அவர் பிள்ளைகள் வேறு வாத்தியார் பொலிட்சியானோவோடு படியேறி வருகிறார்கள். தம்பிடி தராதவரைக் குடும்பத்தோடு வரைவார்களா?

கணக்கப்பிள்ளை:
கல்யாண ஆல்பத்தில் நடுவில் நிற்கிறவரா மண்டபத்துக்கு வாடகை கொடுத்தார்? முதலாளி பக்கத்தில் நின்றால் சாசெட்டிக்குப் பெருமை, அவ்வளவுதான். பலிபீடப் படத்துக்கு இருபுறமும் மண்டியிட்டிருப்பது யார்? சாசெட்டியும் மனைவி நேரா கோர்சியும்.

கரையோரம்:
ஒரு சந்தேகம். 'புரவலர்' என்று நீங்கள் சொல்வது காசு கொடுத்தவரையா, செல்வாக்கு கொடுத்தவரையா?

மெடிச்சிதாசன்:
சாசெட்டிக்குச் சம்பளம் கொடுத்தது யார்? மெடிச்சி. அப்போது காசும் மெடிச்சி காசுதான்.

கணக்கப்பிள்ளை:
சம்பளமாம்! ஜெனீவா கிளையில் அவர் பங்காளி ஐயா. லாபத்தில் பங்கு வாங்கியவர். உங்கள் கடையில் வேலை பார்த்தவர் வீடு கட்டினால் கிரகப்பிரவேசத்தை நீங்களா நடத்துவீர்கள்? இன்னொன்று: பிரான்சிஸ் கதையை முதலில் சாந்தா மரியா நொவெல்லாவில்தான் வரையக் கேட்டார் சாசெட்டி. அது டொமினிக்கன் துறவிகளின் தேவாலயம்; வேறு துறவிகள் சபையின் புனிதர் கதைக்கு அவர்கள் ஒப்பவில்லை. மெடிச்சி காசாக இருந்தால் மறுக்க அவர்களுக்கு அவ்வளவு துணிவு வந்திருக்குமா?

தூரிகை:
படத்தைப் பார்க்க இங்கே ஆளில்லை போல. 1485 பலிபீடப் படத்தில் குழந்தை இயேசுவின் தலைமாட்டில் நிற்பது ரோமானியக் கல் சவப்பெட்டி. அதுதான் மாட்டுக்குத் தொட்டி! இடையர்களின் சொரசொரப்பான முகங்கள் பிளெமிஷ் ஓவியர் ஹூகோ வான் டெர் ஹூஸின் ஒரு படத்திலிருந்து வந்தவை. மெடிச்சி வங்கியின் ப்ரூஜ் (இன்றைய பெல்ஜியம்) கிளை மேலாளர் போர்ட்டினாரி அங்கே வரையச் சொன்ன அந்தப் படம் 1483இல்தான் ஃபுளோரன்ஸ் வந்து சேர்ந்தது. வங்கி வழியாக ஓவியப் பாணி பயணப்பட்டதுதான் எனக்கு ருசி.

மெடிச்சிதாசன்:
ப்ரூஜ் கிளை யாருடையது? மெடிச்சி! நன்றி தூரிகை.

தூரிகை:
நான் சொன்னது அதுவே இல்லை.

கணக்கப்பிள்ளை:
போர்ட்டினாரி படம் வாங்கியது தன் குடும்பத்தின் பெயருக்கு. மெடிச்சிக்கு அவர் மிச்சம் வைத்தது பர்கண்டி கோமகன் சார்லஸுக்குக் கொடுத்த வாராக்கடன். அதையும் உபயம் கணக்கில் எழுதிக்கொள்ளுங்கள்.

மெடிச்சிதாசன்:
வார்பர்க்கே ஹாம்பர்க் வங்கிக் குடும்பத்துப் பிள்ளை. வங்கி மேலாளரைத் தூக்கிப் பேசாமல் என்ன செய்வார்?

ஜெர்மன் வாத்தியார்:
வார்பர்க் அல்ல, வார்புர்க்.

கணக்கப்பிள்ளை:
வாத்தியாரே, போன மாதம் போட்டிசெல்லி இழையையும் இப்படித்தான் உச்சரிப்பில் கொண்டுபோய்க் கவிழ்த்தீர்கள். மெடிச்சிதாசன் சார், காலையில் வார்பர்க் நிரூபித்தார். மாலையில் அவர் ஒருதலைப்பட்சம். எதை வைத்துக்கொள்வது? நாலாவது தடவை சொல்கிறேன்: காசு சாசெட்டி காசு.

மெடிச்சிதாசன்:
நாலு தடவை என்ன, நாற்பது தடவை சொல்லுங்கள். லொரென்சோ ஏன் நிற்கிறார்?

ஜெர்மன் வாத்தியார்:
கவிழ்த்தது நானா? அந்த இழையை எடுத்துப் போடுகிறேன், இருங்கள்.