பழுப்பு வாத்துகளை எப்படிப் பிரித்தீர்கள்? உங்கள் அனுபவங்கள்

ஆண் வாத்துகளில் பெரிய குழப்பம் வருவதில்லை. கண்ணுக்கு மேல் வெள்ளைப் பட்டை வளைந்து இறங்கினால் நீலச்சிறகி. செம்பழுப்புத் தலையில் பச்சைப் பட்டை இருந்தால் கிளுவை. வம்பெல்லாம் பெட்டைகளிடம்தான். போன வலசைக் காலத்தில் இரண்டும் கலந்த கூட்டம் ஒன்று ஏரியில் கிடைத்தது. வெயில் என் முதுகுப் பக்கம், ஸ்கோப்பும் (பறவை பார்க்கும் தொலைநோக்கி) கையில் இருந்தது, வேறு வேலையும் இல்லை. ஒவ்வொரு முகமாகப் பார்த்துக்கொண்டே போனேன்.

நீலச்சிறகிப் பெட்டைக்கு முகமெல்லாம் கோடு. கண் வழியாக ஒரு கருங்கோடு, அதன் மேலே வெளிர் புருவம், கன்னத்தில் மங்கலாக இன்னொரு கோடு. அலகு தொடங்கும் இடத்தில் வெளிர் பொட்டு, தொண்டை வெள்ளை. கிளுவைப் பெட்டையின் முகம் இதற்கு நேர்மாறாக வெறிச்சென்று இருக்கும். அலகும் சிறியது. அது பக்கவாட்டில் திரும்பும்போது வாலடியில் நீளமாக ஒரு வெளிர் கீற்று தெரியும், அது நீலச்சிறகிக்குக் கிடையாது. வெளிச்சம் நன்றாக இருந்தால் முகமே போதும் என்பது என் கட்சி. நீங்கள் எதை முதலில் பார்ப்பீர்கள்?

மறுமொழி:
முகம் போதும் என்பதை நான் ஒத்துக்கொள்ள மாட்டேன். எனக்குக் கிடைப்பது பெரும்பாலும் எதிர்வெயில், போதாக்குறைக்குக் கானல். அப்போது புருவமாவது பொட்டாவது! ஒருமுறை நான் பார்த்துக்கொண்டிருந்த கூட்டத்தின் மேல் சேற்றுப் பூனைப்பருந்து தாழப் பறந்தது. மொத்தமும் எழும்பியது. சிறகு விரிந்தால் கதை முடிந்தது. கிளுவையின் சிறகில் உள்ள பச்சைப் பட்டைக்கு முன்னால் உள்ள வெள்ளைக் கோடு தடிமன், பின்னால் உள்ளது மெலிசு. நீலச்சிறகி ஆணுக்கு இரண்டு கோடுகளும் ஏறக்குறைய ஒரே அகலம்.

அன்று கூட்டத்தில் பெட்டை முகத்தோடு இருந்த சிலவற்றின் முன்சிறகு வெளிர் நீலச்சாம்பலாக மின்னியது. அவை நீலச்சிறகி ஆண்கள். இனப்பெருக்கம் முடிந்ததும் ஆண் வாத்துகள் பெட்டை போன்ற உடுப்புக்கு மாறிவிடும், பறக்கும் இறகுகளையும் ஒரே நேரத்தில் உதிர்க்கும். கிளுவை சீக்கிரமே பழைய நிறத்துக்கு வந்துவிடும். நீலச்சிறகிதான் குளிர்காலம் பாதி போகும்வரை அதே பழுப்பில் திரியும். ஆனால் சிறகு நிறம் மாறாது. முகத்தை மட்டும் வைத்து ஆண், பெண் என்று பிரித்து எண்ணுபவர்கள் இதைக் கொஞ்சம் யோசிக்கலாம்.

மறுமொழி:
சண்டை வேண்டாம், இரண்டு பேரும் அலகின் நிறத்தை மறந்துவிட்டீர்கள். கருவால் வாத்தின் பெட்டையையும் மல்லார்டு என்ற வாத்தின் பெட்டையையும் அருகருகே பார்த்தபோது அலகுதான் எனக்கு உதவியது. கருவாலுக்கு இரு பக்கமும் ஆரஞ்சு, நடுமேட்டில் கருப்பு, எல்லை கத்தியால் வெட்டியது போல இருக்கும். மல்லார்டுக்கு ஆரஞ்சின் மேல் கருப்புத் திட்டாகப் படர்ந்திருக்கும். கருவால் நீந்தும்போதுகூடச் சில நேரம் இடுப்புப் பக்கம் ஒரு வெள்ளைக் கட்டம் எட்டிப் பார்க்கும். மல்லார்டுக்கு அந்த இடம் நீலம்.

இன்னொன்று, நடத்தை. நான் பார்த்த கருவால் ஜோடி நாமக்கோழி என்ற நீர்ப்பறவை ஒன்றின் பின்னாலேயே சுற்றியது. அது முங்கிப் பாசியோடு மேலே வந்ததும் இவை பாய்ந்து பிடுங்கிக்கொண்டன. கருவாலுக்கு இது வழக்கமான பிழைப்பு.

மறுமொழி:
முங்கும் வாத்துகளைப் பற்றி யாரும் எழுதவில்லையே? குடுமி வாத்துப் பெட்டைக்கும் பெரிய ஸ்காப் என்ற வாத்தின் பெட்டைக்கும் நடுவில் நானும் நண்பரும் ஒரு மதியம் முழுக்க விவாதித்தோம். அலகடியில் வெள்ளை இருக்கிறது, எனவே ஸ்காப் என்றார் அவர். சில குடுமிப் பெட்டைகளுக்கும் அந்த வெள்ளை உண்டு என்றேன் நான். தலை வடிவத்தைப் பார்க்கலாம் என்றால் அது முங்கிக்கொண்டே இருந்தது. முங்கும்போது தலை இறகுகள் படிந்துவிடும், அப்போது தெரியும் வடிவத்தை நம்பக் கூடாது. கடைசியில் ஓய்வெடுக்க வந்து அலகைக் காட்டியது. நுனி முழுக்க அகலமான கருப்பு. பெரிய ஸ்காப்பாக இருந்தால் நுனியில் நகம் போன்ற சிறு பகுதியில் மட்டும்தான் கருப்பு இருக்கும். பிடரியில் குட்டையாக ஒரு சிலுப்பலும் தெரிந்தது. குடுமியேதான். நண்பர் டீ குடிக்கப் போய்விட்டார்.

மறுமொழி:
சீழ்க்கைச் சிறகி வாத்துகளுக்கு இவ்வளவு பாடு தேவையில்லை. சின்னது, பெரியது என்ற இரண்டு வகையும் தரையில் நிற்கும்போது தடுமாற வைக்கும், பறக்கும்போது வால் தொடங்கும் இடத்தின் மேல்பக்கத்தைப் பாருங்கள். சின்னதற்கு அங்கே செம்பழுப்பு, பெரியதற்குப் பாலாடை வெள்ளை. அமர்ந்திருந்தால் பெரியதன் விலாவில் வெண்ணிறக் கீற்றுகள் தெரியும், பின்கழுத்தில் ஒரு கருங்கோடும் இறங்கும்.

முதல் பதிவிட்டவரிடம் ஒரு கேள்வி: உங்கள் கூட்டத்தில் ஆண் நீலச்சிறகிகள் குறைவாகத் தெரிந்தனவா? எந்த மாதம் என்று சொன்னால் எண்ணிக்கையைச் சரிபார்க்கலாம்.