மரத்தில் காது வைத்துக் கேட்டவர்: ஜான்ஃபிராங்கோ ரோஸி படங்கள், நம் அனுபவங்கள்

எங்கள் வீடு பொள்ளாச்சிப் பக்கம், தென்னந்தோப்புக்கு நடுவில். இத்தாலிய ஆவணப்பட இயக்குநர் ரோஸியின் ‘சாக்ரோ கிரா’ எனக்குள் அப்படி இறங்கியதற்கு அதுதான் காரணம்.

ரோம் நகரைச் சுற்றி ஓடும் வட்டச்சாலையின் ஓரத்தில் வாழ்கிறவர்களைப் பற்றிய படம். 2013இல் வெனிஸ் திரைப்பட விழாவில் முதல் பரிசான தங்கச் சிங்கம் வாங்கியது. ஆவணப்படம் ஒன்றுக்கு அங்கே அந்தப் பரிசு கிடைத்தது அதுவே முதல் முறை. அதில் ஒருவர் பனை இன மரத்துக்குள் ஒரு கருவியைச் செருகி, ஹெட்போன் மாட்டிக்கொண்டு கேட்கிறார். உள்ளே சிவப்புக் கூன்வண்டின் புழுக்கள் தின்கிற சத்தம். எனக்கு உடம்பு சிலிர்த்துவிட்டது. நம் பக்கத்து வண்டுதான், அங்கேயும் போயிருக்கிறது.

அப்பாவும் இதையேதான் செய்வார். ஓட்டையிலிருந்து பழுப்பாகச் சாறு வடிந்தால், மரத்தைக் கட்டிக்கொண்டு காதை ஒட்டவைத்து, எங்களைக் கையாலேயே அடக்குவார். நறநறவென்று கேட்கும். கேட்டுவிட்டால் அன்று ராத்திரி அவருக்குச் சோறு இறங்காது.

ரோஸியின் இந்தப் படத்தில் பேட்டி கிடையாது, பின்னணிக் குரல் கிடையாது. கேமராவும் ஒலிப்பதிவும் அவரே. இரண்டு வருடத்துக்கு மேல் அந்தச் சாலையைச் சுற்றிக்கொண்டே இருந்திருக்கிறார். அவ்வளவு நாள் பழகியதால்தான் அந்த மனிதர் யாருமே பக்கத்தில் இல்லாததுபோல மரத்தைக் கேட்கிறார். இந்தப் பொறுமையைத்தான் நான் அவருடைய கலை என்று சொல்வேன்.

* * *

அண்ணா, நீங்கள் எழுதியதைப் படித்தேன். நான் கண் ஆஸ்பத்திரியில் நர்ஸ். எனக்குள் அப்படி இறங்கிய ரோஸி படம் ‘ஃபுவோகோஅம்மாரே’. 2016இல் பெர்லின் திரைப்பட விழாவின் முதல் பரிசான தங்கக் கரடி வாங்கியது. மத்தியதரைக் கடலில் இருக்கும் இத்தாலியின் லாம்பெடூசா தீவு, கடலில் தத்தளித்து வரும் அகதிகள். ஆனால் படத்தில் நிறைய நேரம் வருவது உண்டிவில்லோடு திரியும் உள்ளூர்ப் பையன் சமூவேலே. அவனுக்குச் சோம்பல் கண். நல்ல கண்ணை மூடி, பார்வை குறைந்த கண்ணுக்கு வேலை கொடுக்கச் சொல்கிறார்கள். எங்கள் ஓ.பி.யில் பிள்ளைகள் அந்தப் பேட்சைப் பிய்த்துப் போட்டுவிட்டு அழும். எத்தனை தரம் திரும்ப ஒட்டியிருக்கிறேன்!

பையனும் அகதிகளும் கடைசிவரை சந்திப்பதே இல்லை. ஒரு பக்கம் விளையாட்டு, மறுபக்கம் படகின் அடித்தளத்தில் பிணங்கள். இரண்டு பக்கமும் போய் வருகிறவர் தீவின் டாக்டர் மட்டும்தான். இந்தக் கண்ணுக்கு அந்தக் கடல் எப்போது தெரியும் என்று ரோஸி எங்கேயும் வாய்திறந்து கேட்கவில்லை. எனக்கு அது கேட்டுக்கொண்டே இருந்தது.

* * *

நன்றி தங்கச்சி, இந்தக் கோணம் எனக்குத் தோன்றவே இல்லை. மறுபடி பார்க்கிறேன். நேரம் கிடைத்தால் அவருடைய ஆரம்பகாலப் படம் ‘போட்மேன்’ பாருங்கள். காசியில், கங்கையில் ஒரு படகோட்டியோடு, கறுப்பு வெள்ளையில் எடுத்தது.

அப்புறம், அப்பாவுக்கு அந்த மரக் காட்சியை மட்டும் போனில் போட்டுக் காட்டினேன். போனைக் காதருகே வைத்து இரண்டு தடவை கேட்டார். “அந்த மரம் பொழைச்சுதாடா?” என்றார்.