'நோ ஃபால்ட் காம்பன்சேஷன்': தமிழில் என்ன சொல்லலாம்?

> தடுப்பூசி இழப்பீட்டுச் சட்டங்கள் பற்றி எழுதுகிறேன். 'நோ ஃபால்ட் காம்பன்சேஷன்' என்பதற்குக் 'குற்றமற்ற இழப்பீடு' என்று போட்டிருக்கிறேன். சரியா?

அன்புள்ள ஐயா,

'குற்றமற்ற' வேண்டாம் என்பது என் கருத்து. குற்றம் என்றதும் படிப்பவர் மனம் காவல் நிலையத்துக்குப் போய்விடும். அதைவிடப் பெரிய சிக்கல், தவறே நடக்கவில்லை என்று யாரோ தீர்ப்புச் சொன்ன மாதிரி அது ஒலிக்கிறது. இந்த ஏற்பாட்டில் அப்படி யாரும் சொல்வதில்லை. அந்தக் கேள்வியையே எழுப்பாமல் பணம் தருகிறார்கள்.

தவறு இல்லை என்று உண்மையிலேயே தீர்ப்பான வழக்கு ஒன்று உண்டு. 1955இல் கலிஃபோர்னியாவின் கட்டர் நிறுவனம் தயாரித்த போலியோ தடுப்பூசியில் உயிருள்ள வைரஸ் தங்கிவிட்டது. சுமார் 200 பேருக்குக் கைகால் முடங்கியது, 10 பேர் இறந்தார்கள். 1958இல் ஜூரி என்ன சொன்னது தெரியுமா? நிறுவனம் கவனக்குறைவாக நடக்கவில்லை, ஆனாலும் விற்ற பொருள் பாதுகாப்பானது என்ற உறுதி மீறப்பட்டதால் பணம் கொடுத்தாக வேண்டும். இதைத் 'தவறிலாப் பொறுப்பு' எனலாம். தவறைத் தேடிப் பார்த்தார்கள், கிடைக்கவில்லை, பொறுப்பு மட்டும் நின்றது.

1986ஆம் ஆண்டு அமெரிக்கத் தடுப்பூசி இழப்பீட்டுச் சட்டம் வேறு வகை. கக்குவான் இருமல் தடுப்பூசி மீது வழக்குகள் குவிந்து, தயாரிப்பாளர்கள் சந்தையை விட்டு விலகத் தொடங்கிய நேரத்தில் வந்தது. ஒரு டோஸ் எத்தனை நோயைத் தடுக்கிறதோ, நோய்க்கு 75 சென்ட் வீதம் வரி. தட்டம்மை, பொன்னுக்குவீங்கி, ருபெல்லா மூன்றுக்குமான ஊசி என்றால் 2.25 டாலர். அந்த வரி ஒரு நிதியில் சேர்கிறது, இழப்பீடு அதிலிருந்து வருகிறது. எதிர்மனுதாரர் கம்பெனி அல்ல, அரசின் சுகாதாரத் துறைச் செயலர். தயாரிப்பாளர் என்ன செய்தார், செய்யவில்லை என்ற பேச்சுக்கே அங்கே இடமில்லை. அதனால்தான் 'தவறு வினவா இழப்பீடு' என்கிறேன்.

இரண்டையும் ஒரே சொல்லில் அடைத்தால், பணம் யார் பையிலிருந்து வருகிறது என்பதே வாசகருக்கு மறைந்துபோகும். பிள்ளையைத் தூக்கிக்கொண்டு அலைகிற தாய்க்கு அதைத் தெரிந்துகொள்ளும் உரிமை இருக்கிறது.

> 'வினவா' கொஞ்சம் புலவர் வாடை அடிக்கிறதே. நாங்கள் யாழ்ப்பாணத்தில் நட்டஈடு என்போம். 'தவறு பாராத நட்டஈடு' என்றால் எல்லோருக்கும் விளங்கும். 'வாக்சின் இன்ஜுரி' என்பதற்குத் 'தடுப்பூசிக் காயம்' போதாதா?

நட்டஈடு நல்ல சொல்தான் அம்மா, அதில் எனக்குத் தயக்கமே இல்லை. ஆனால் தவறு பாராமல் என்றால், தவறு இருந்தும் பொறுத்துக்கொண்டு என்ற சாயல் ஏறிவிடுகிறது. இங்கே யாரும் யாரையும் மன்னிக்கவில்லை. 'வினவா' முதலில் கரடுமுரடாகத்தான் இருக்கும். கட்டுரையில் முதல் தடவை 'தவறு யாருடையது என்று கேட்காமல் தரும் இழப்பீடு' என்று விரித்து எழுதிவிட்டால் அப்புறம் பழகிவிடும்.

காயம் என்றால் ஊசி குத்திய இடம்தான் நினைவுக்கு வரும். பக்கவிளைவு என்றால் ஒருநாள் காய்ச்சலும் அதில் சேரும். அமெரிக்கச் சட்டம் கேட்பது ஆறு மாதத்துக்கு மேல் நீடிக்கும் பாதிப்பு, அல்லது மருத்துவமனையில் தங்கி அறுவை சிகிச்சை செய்யும் நிலை, அல்லது மரணம். அந்தக் கனத்தைத் தாங்கப் பழைய சொல்லான 'ஊறு' இருக்கிறது: தடுப்பூசி ஊறு.

இன்னொன்று மிச்சமிருக்கிறது. அந்தச் சட்டத்தில் ஓர் அட்டவணை உண்டு. அதிலுள்ள பாதிப்பு குறித்த நேரத்துக்குள் வந்தால், ஊசிதான் காரணம் என்று எடுத்துக்கொள்வார்கள். அனஃபிலாக்சிஸ் எனும் கடும் ஒவ்வாமைக்கு 4 மணி நேரம். 'டேபிள் இன்ஜுரி' என்கிற இதற்கு 'அட்டவணை ஊறு' போதுமா, 'அட்டவணையிலுள்ள ஊறு' என்று விரிக்க வேண்டுமா? சட்டம் படித்தவர்கள் சொல்லுங்கள்.